ஒளிப்பாதை என்று பெயர் பெற்றவர்

நிலம் வைத்திருப்பவருக்கு வாடகை வருகிறது. பணம் வைத்திருப்பவருக்கு வட்டி வருகிறது. உடலை மட்டுமே உடைமையாகக் கொண்டவருக்கு, அந்த உடல் உழைக்கும் வரைதான் வரவு. ஆண்டுதோறும் தேய்ந்துகொண்டே போகும் சொத்து அது. தேய்வதற்குள் அதன் விளைச்சலை யார் அறுவடை செய்கிறார்கள் என்பது பொருளாதாரத்தின் பழைய கேள்வி. அந்தக் கேள்விக்கு இருபதாம் நூற்றாண்டு தந்த மிகத் துயரமான விடைகளுள் ஒன்று, ஜிம் தோர்ப் என்ற அமெரிக்கப் பூர்வகுடி வீரரின் வாழ்க்கை.

1912-ஆம் ஆண்டு கோடையில் ஸ்டாக்ஹோம் ஒலிம்பிக் அரங்கில், உலகின் தலைசிறந்த விளையாட்டு வீரர் அவர்தான் என்று சுவீடன் மன்னர் ஐந்தாம் குஸ்தாவ் நேரில் பாராட்டியதாகச் சொல்வார்கள். அதன்பின் இருபது ஆண்டுகள் கடப்பதற்குள் அதே மனிதர் லாஸ் ஏஞ்சலிஸ் நகரில் தினக்கூலிக்கு மண் வெட்டிக்கொண்டிருந்தார். இந்த இரண்டு காட்சிகளுக்கும் நடுவே ஒரு தனிமனிதரின் ஏற்ற இறக்கம் மட்டுமல்ல, ஒரு நாடு தன் எல்லைப்புறத்தை வென்றெடுத்த கதையும் இருக்கிறது.

தோர்ப், இன்றைய ஓக்லஹோமா மாநிலத்தின் பிராக் என்ற சிற்றூருக்கு அருகே, 1887-ஆம் ஆண்டு மே மாதம் பிறந்தார் என்பது பெரும்பாலோர் ஏற்கும் செய்தி. அப்போது அது மாநிலமாக இல்லை. பூர்வகுடி மக்களுக்கென ஒதுக்கப்பட்ட பிரதேசமாக இருந்தது. தந்தை ஹைரம், ஐரிஷ் தந்தைக்கும் சாக்-ஃபாக்ஸ் இனத் தாய்க்கும் பிறந்தவர். தாய் சார்லட், பொட்டவாட்டமி இனத்தவர். பிரெஞ்சு வழித் தொடர்பும் உண்டு. குழந்தைக்கு அவர்கள் மொழியில் இட்ட பெயர் வா-தோ-ஹக். ஒளி பொருந்திய பாதை என்பது அதன் பொருள்.

சாக்-ஃபாக்ஸ் மக்கள் ஓக்லஹோமாவுக்கு உரியவர்கள் அல்லர். மிசிசிப்பி ஆற்றங்கரையில், இன்றைய இல்லினாய் பகுதியில் சோளம் விளைவித்து வாழ்ந்தவர்கள். தம் நிலத்தை விட்டுத்தர மறுத்த அவர்களுள் ஒரு பிரிவினர், கருப்புப் பருந்து என்ற தலைவரின் கீழ் 1832-இல் ஆற்றைக் கடந்து தாயகம் திரும்ப முயன்றபோது போர் மூண்டது. அந்தப் போரில், குதிரையில் விரையும் மக்களைக் காலாட்படையால் துரத்திப் பிடிக்க முடியவில்லை. அந்தப் பட்டறிவுக்குப் பிறகே, 1815-இல் குதிரைப்படைப் பிரிவைக் கலைத்துவிட்டிருந்த அமெரிக்க அரசு, 1833-இல் ஒரு நிலையான குதிரைப்படைப் பிரிவை மீண்டும் நிறுவியது. அடுத்த அறுபது ஆண்டுகள் மேற்கு எல்லையெங்கும் வலம்வந்த அந்தப் படையின் தொடக்கமே தோர்ப்பின் முன்னோரோடு நடந்த போரில் இருக்கிறது. தோற்றவர்கள் முதலில் அயோவாவுக்கும், பிறகு கான்சாசுக்கும், இறுதியில் ஓக்லஹோமாவுக்கும் பெயர்க்கப்பட்டனர்.

போர் முடிந்த இடத்தில் சட்டம் தொடங்கியது. தோர்ப் பிறந்த அதே 1887-ஆம் ஆண்டில் டாஸ் சட்டம் நிறைவேறியது. இனக்குழுக்கள் பொதுவில் வைத்திருந்த நிலத்தைத் துண்டு போட்டுத் தனித்தனிக் குடும்பங்களுக்குக் கொடுப்பது, மீதமாகும் நிலத்தை உபரி என்று அறிவித்து வெள்ளையருக்குத் திறந்துவிடுவது என்பதே அதன் சாரம். தனியுடைமை வந்தால் முன்னேற்றம் தானே வரும் என்று சட்டத்தை இயற்றியவர்கள் வாதிட்டனர். 1887-இல் பூர்வகுடி மக்களிடம் சுமார் 13.8 கோடி ஏக்கர் இருந்தது. அந்தக் கொள்கை கைவிடப்பட்ட 1934-இல் எஞ்சியது சுமார் 4.8 கோடி ஏக்கர். முன்னேற்றம் யாருக்கு வந்தது என்பதை இந்த இரண்டு எண்களே சொல்லிவிடும்.

சாக்-ஃபாக்ஸ் நிலத்துக்கான முறை 1891 செப்டம்பர் 22-இல் வந்தது. குறித்த நேரத்துக்காகக் காத்திருந்த ஆயிரக்கணக்கானோர் குதிரைகளிலும் வண்டிகளிலும் பாய்ந்து சென்று உபரி நிலத்தைப் பிடித்துக்கொண்டனர். சிறுவன் ஜிம்முக்கு அவன் பெயரில் 160 ஏக்கர் ஒதுக்கப்பட்டிருந்தது. ஆனால் நிலமும் அதில் வரும் குத்தகைப் பணமும் அரசின் பாதுகாப்பில் இருந்தன. வளர்ந்து உலகப்புகழ் பெறும் நிலையை எட்டிய பிறகும், தன் பணத்தில் ஒரு பகுதியைப் பெற அவர் அரசு முகவருக்கு விண்ணப்பம் எழுத வேண்டியிருந்தது. சொத்து இருந்தது, அதை ஆளும் உரிமை இல்லை.

குதிரைகளைப் பழக்குவதிலும் வேட்டையிலும் தேர்ந்த தந்தையின் நிழலில் வளர்ந்த சிறுவன், காட்டு மட்டக்குதிரைகளை அடக்கக் கற்றுக்கொண்டான். இரட்டையராகப் பிறந்த சகோதரன் சார்லி, ஒன்பது வயதளவில் நோயால் இறந்தான். அதன்பின் பள்ளி கசந்தது. விடுதிப் பள்ளியிலிருந்து இருபது மைலுக்கு மேல் நடந்தே வீட்டுக்கு ஓடிவந்துவிடுவான் என்று சொல்லப்படுவதுண்டு. தந்தை அவனைக் கான்சாசில் இருந்த ஹஸ்கல் பள்ளிக்கு அனுப்பினார். தாயும் இறந்தபின், 1904-இல் பென்சில்வேனியா மாநிலத்தின் கார்லைல் பள்ளியில் சேர்ந்தான்.

கார்லைல் ஒரு சாதாரணப் பள்ளி அன்று. முன்பு குதிரைப்படையினருக்குப் பயிற்சி தந்த படைக்கொட்டில்களில் 1879-இல் தொடங்கப்பட்ட பள்ளி அது. நிறுவியவர் ரிச்சர்ட் ஹென்றி பிராட். பத்தாம் குதிரைப்படையின் அதிகாரியாகத் தென்சமவெளியில் பூர்வகுடி மக்களோடு போரிட்டவர். பின்னர் ஃப்ளோரிடா கோட்டையொன்றில் அவர்களின் கைதிகளுக்குக் காவலாக இருந்தவர். கைதிகளுக்கு ஆங்கிலமும் சீருடையும் கொடுத்துப் பார்த்த அனுபவத்தையே அவர் கல்விக் கொள்கையாக்கினார். பிள்ளைகளின் தலைமுடி வெட்டப்பட்டது. தாய்மொழி தடை செய்யப்பட்டது. அணிவகுப்பு அன்றாடப் பாடமானது. பயிற்சி என்ற பெயரில் மாணவர்கள் சுற்றுவட்டாரப் பண்ணைகளுக்குக் குறைந்த கூலிக்கு அனுப்பப்பட்டனர். தோர்ப்பும் அப்படி அனுப்பப்பட்டவர்தான். பள்ளி வளாகத்தின் கல்லறைகளில் வீடு திரும்பாத பிள்ளைகள் 180 பேருக்கு மேல் புதைக்கப்பட்டனர். அங்குச் சேர்ந்த சில மாதங்களிலேயே தோர்ப்புக்குத் தந்தையின் மரணச் செய்தி வந்தது.

1907-இல் அவர் பயிற்சியாளர் கண்ணில் பட்டார். வேலை உடையோடு மைதானத்தைக் கடந்துகொண்டிருந்தவர், உயரம் தாண்டுவோர் தாண்டத் தவறிய கம்பை அநாயாசமாகத் தாண்டிவிட்டுப் போனார் என்பது கதை. பாப் வார்னர் என்ற அந்தப் பயிற்சியாளர், கார்லைலின் கால்பந்து அணியைப் பெரும் பல்கலைக்கழகங்கள் அஞ்சும் அணியாக்கியிருந்தார். 1911-இல் ஹார்வர்டு அணியைக் கார்லைல் 18-15 என்ற கணக்கில் வென்றபோது, காயம்பட்ட காலோடு நான்கு முறை பந்தை உதைத்துக் கம்பங்களுக்கு இடையே செலுத்தியவர் தோர்ப். ஆட்டங்களின் நுழைவுச்சீட்டு வருவாய் பள்ளியின் விளையாட்டு நிதிக்குச் சென்றது. அதை எப்படிச் செலவழித்தார்கள் என்பது பின்னர் 1914-இல் நாடாளுமன்ற விசாரணைக்கே உள்ளானது.

இதற்கிடையில் அவர் வாழ்க்கையைத் திருப்பிய ஒரு சிறு நிகழ்ச்சி நடந்தது. 1909, 1910 ஆண்டுகளின் கோடையில், கார்லைல் மாணவர் சிலரோடு அவர் வட கரோலினாவுக்குச் சென்று, ராக்கி மவுண்ட் என்ற ஊரின் சிறு பேஸ்பால் அணியில் ஆடினார். ஆட்டத்துக்கு இரண்டு டாலர் என்றும், வாரத்துக்கு அதிகபட்சம் 35 டாலர் என்றும் கூறப்படும் கூலி அது. கல்லூரி மாணவர்கள் விடுமுறையில் பேஸ்பால் ஆடிச் சம்பாதிப்பது அக்காலத்தில் பரவலான வழக்கம். விவரமறிந்தவர்கள் பொய்ப்பெயரில் ஆடினார்கள். தோர்ப் தன் சொந்தப் பெயரிலேயே ஆடினார்.

ஸ்டாக்ஹோமில் அவர் நிகழ்த்தியது இன்றும் வியப்பூட்டுவது. ஐந்து போட்டிகள் அடங்கிய பென்டத்லானில் நான்கில் முதலிடம். பத்துப் போட்டிகள் அடங்கிய டெகாத்லானில் 8,412 புள்ளிகள். இரண்டாம் இடம் பெற்ற சுவீடனின் ஹூகோ வீஸ்லாண்டரைவிட ஏறத்தாழ 700 புள்ளிகள் அதிகம். இவற்றோடு உயரம் தாண்டுதலிலும் நீளம் தாண்டுதலிலும் தனியே பங்கேற்றார். பொருந்தாத இரு காலணிகளை அணிந்து நிற்கும் அவரது புகைப்படம் ஒன்று இன்றும் பார்க்கக் கிடைக்கிறது. தாயகம் திரும்பியதும் நியூயார்க்கின் பிராட்வே வீதியில் காகிதத் துணுக்கு மழையில் அவரை ஊர்வலமாக அழைத்துச் சென்றார்கள்.

அதே ஆண்டு நவம்பரில் வெஸ்ட் பாயின்ட் ராணுவக் கல்லூரி அணியைக் கார்லைல் சந்தித்தது. ஏழாம் குதிரைப்படை ஊண்டட் நீ என்ற இடத்தில் லகோட்டா இன ஆண்களையும் பெண்களையும் குழந்தைகளையும் சுட்டுக்கொன்று 22 ஆண்டுகளே ஆகியிருந்தன. அந்தப் படைகளை நடத்தும் அதிகாரிகளை உருவாக்கும் கல்லூரியைப் பூர்வகுடி மாணவர்கள் 27-6 என்ற கணக்கில் வென்றனர். தோற்ற அணியில் ஆடியவர்களுள் ஒருவர், பிற்காலத்தில் நாட்டின் குடியரசுத் தலைவரான டுவைட் ஐசனோவர். தோர்ப்பின் வலிமை உச்சத்தைத் தொட்ட நாள் அது எனலாம்.

உச்சத்திலிருந்து இறங்க இரண்டு மாதங்களே ஆயின. 1913 ஜனவரியில் மாசசூசட்ஸ் நாளிதழ் ஒன்று, அவர் கூலிக்கு பேஸ்பால் ஆடிய செய்தியை வெளியிட்டது. ஊதியம் பெறாதோர் மட்டுமே ஒலிம்பிக்கில் ஆடலாம் என்பது அன்றைய விதி. தோர்ப் மறைக்கவில்லை. தான் உலகியல் அறியாத ஒரு பள்ளி மாணவன், பணத்துக்காக அன்றி ஆட்டத்தின் மீதிருந்த விருப்பத்தால் ஆடியவன் என்று விளையாட்டு அமைப்புக்குக் கடிதம் அனுப்பினார். தமக்கு எதுவுமே தெரியாது என்று வார்னரும் பள்ளிக் கண்காணிப்பாளரும் கைகழுவினர். பின்வந்த வரலாற்றாய்வாளர் பலர் அதை நம்பவில்லை. போட்டி முடிந்து 30 நாட்களுக்குள் புகார் எழுப்பப்பட வேண்டும் என்று ஸ்டாக்ஹோம் விதிகளிலேயே இருந்தது. புகார் வந்ததோ ஆறு மாதம் கழித்து. விதியைக் காட்டி அவரைத் தண்டித்தவர்கள், அவரைக் காத்திருக்கக்கூடிய விதியைப் பார்க்கவில்லை. பதக்கங்கள் பறிக்கப்பட்டன, பெயர் ஏடுகளிலிருந்து நீக்கப்பட்டது.

ஊதியம் பெறா விளையாட்டு என்ற கோட்பாடு எங்கிருந்து வந்தது என்பதை இங்கே எண்ணிப்பார்க்க வேண்டும். பத்தொன்பதாம் நூற்றாண்டு இங்கிலாந்தின் புகழ்பெற்ற படகுப்போட்டி விதிகளில், கைவினைஞரும் கூலித்தொழிலாளரும் பங்கேற்கவே தகுதியற்றவர்கள். பிழைப்புக்கு உழைக்கத் தேவையில்லாதவர்கள் தமக்குள் ஆடிக்கொள்ள எழுப்பிய வேலி அது. ஒழுக்கத்தின் பெயரால் பிற்காலத்தில் அதற்கு வெள்ளையடிக்கப்பட்டது.

ஸ்டாக்ஹோமிலேயே இதற்குச் சான்று உண்டு. அங்குக் குதிரையேற்றப் போட்டிகளில் கலந்துகொண்டவர்கள் அனைவரும் ராணுவ அதிகாரிகள். வாளும் துப்பாக்கியும் குதிரையும் அடங்கிய நவீன பென்டத்லானில் ஐந்தாம் இடம் பெற்றவர் ஜார்ஜ் பேட்டன் என்ற அமெரிக்கக் குதிரைப்படை லெப்டினன்ட். இரண்டாம் உலகப்போரில் தளபதியாகப் புகழ்பெற்றவர் இவரே. குதிரையேறவும் சுடவும் அரசாங்கம் அவருக்கு மாதந்தோறும் சம்பளம் கொடுத்தது. அந்தச் சம்பளம் அவரது தூய்மையைக் கெடுக்கவில்லை. ஓடவும் தாண்டவும் எறியவும் வந்த தோர்ப்பை, அவற்றோடு தொடர்பே இல்லாத ஆட்டத்தில் வாங்கிய சில டாலர்கள் கறைப்படுத்திவிட்டன. குதிரைப்படை அதிகாரியின் ஊதியம் கௌரவம். குதிரைப்படை துரத்திய இனத்தவனின் கூலி குற்றம். ஒரு விதி எல்லோருக்கும் பொதுவாக எழுதப்பட்டிருக்கலாம். அதன் பாரம் எல்லோர் தோளிலும் ஒன்றுபோல் இறங்குவதில்லை.

பதக்கம் போனதும் தொழில்முறை விளையாட்டு அவரை அழைத்தது. 1913-இல் நியூயார்க் ஜெயன்ட்ஸ் பேஸ்பால் அணி ஒப்பந்தம் செய்துகொண்டது. மேலாளர் ஜான் மெக்ரா, கூட்டத்தை ஈர்க்கும் பெயராக அவரை மதித்தாரே ஒழிய, பெரும்பாலான நாட்களில் களத்துக்கு வெளியேதான் உட்கார வைத்தார். 1917 மே 2-இல் சிகாகோவில் நடந்த ஆட்டம் பேஸ்பால் வரலாற்றில் தனித்துவமானது. இரு அணிகளின் பந்துவீச்சாளர்களும் ஒன்பது சுற்றுகள் முடியும்வரை எதிரணிக்கு ஒரு வெற்றிகரமான அடியைக்கூட விட்டுக்கொடுக்கவில்லை. பத்தாவது சுற்றில், அப்போது சின்சினாட்டி அணிக்கு ஆடிய தோர்ப் மெதுவாகத் தட்டிய ஒரு பந்து தரையில் உருள, அதில் வெற்றிக்கான ஓட்டம் கிடைத்தது.

அடுத்த ஆண்டு அவரது மூத்த மகன் மூன்று வயதில் நோயால் இறந்தான். அந்த இழப்புக்குப் பின் தோர்ப் பழைய மனிதராக இல்லை. மதுவின் பிடி இறுகியது. 1919-இல் பாஸ்டன் அணிக்கு 60 ஆட்டங்கள் ஆடி, மட்டைவீச்சுச் சராசரியை 0.327 வரை உயர்த்தினார். தொடர்ந்து ஆட வாய்ப்பளித்திருந்தால் பேஸ்பாலிலும் அவர் உயர்ந்திருப்பார் என்பதற்கு அந்த எண் சாட்சி. ஆனால் பெரும் அணிகளில் அவரது பேஸ்பால் வாழ்க்கை அதோடு முடிந்தது. மொத்தம் 289 ஆட்டங்கள், சராசரி 0.252.

அமெரிக்கக் கால்பந்தில் அவர் நிலை வேறு. 1915 முதல் ஆட்டத்துக்கு 250 டாலருக்குக் கான்டன் அணியில் ஆடினார். 1920-இல் தொழில்முறை அணிகள் கூடி ஒரு சங்கம் அமைத்தபோது, அவருடைய பெயரின் பெருமைக்காகவே அவரை முதல் தலைவராக்கினார்கள். இன்று உலகின் மிகச் செல்வம் கொழிக்கும் விளையாட்டு அமைப்பான என்எஃப்எல் அதன் தொடர்ச்சிதான். 1922-இல் ஓஹையோவின் நாய் வணிகர் ஒருவர், தம் ஏர்டேல் நாய்களை விளம்பரப்படுத்தப் பூர்வகுடி வீரர்களை மட்டுமே கொண்ட ஓர் அணியை அமைத்தார். தோர்ப் அதன் பயிற்சியாளர். ஆட்டத்தின் இடைவேளையில் வீரர்கள் இறகு அணிந்து நடனமாடி, நாய்களோடு வேடிக்கை காட்ட வேண்டும். அந்த அணி இரண்டே ஆண்டுகளில் கலைந்தது. 1928-இல், நாற்பதைக் கடந்த வயதில், தோர்ப் களத்தைவிட்டு விலகினார்.

மறு ஆண்டே பெருமந்தம் வந்தது. ஓய்வூதியமில்லை, சேமிப்பில்லை, விளையாட்டைத் தவிர வேறு தொழில் இல்லை. எல்லைப்புறம் மறைந்துபோனபின் அதைத் திரையில் விற்றுக்கொண்டிருந்த ஹாலிவுட், அவருக்குச் சிறு வேடங்களைத் தந்தது. குதிரைப்படையிடம் தோற்கும் பழங்குடித் தலைவராக அவர் நடித்தார். பூர்வகுடி வேடங்களுக்குப் பூர்வகுடி மக்களையே அமர்த்த வேண்டும் என்று போராடவும் செய்தார். தன் வாழ்க்கைக் கதையின் திரை உரிமையை 1,500 டாலருக்கு விற்றார். வேலையற்ற நாட்களில் லாஸ் ஏஞ்சலிசில் மண்வெட்டி பிடித்தார். 1932-இல் அந்நகரிலேயே ஒலிம்பிக் நடந்தபோது நுழைவுச்சீட்டு வாங்க அவரிடம் பணமில்லை. செய்தி பரவியதும், தாமே பூர்வகுடி வழிவந்தவரான துணைக் குடியரசுத் தலைவர் சார்லஸ் கர்ட்டிஸ் அவரைத் தம்மோடு அமரச் செய்தார். அரங்கமே எழுந்து நின்று வரவேற்றது. கைதட்டல் ஓய்ந்தபின் அவர் பழைய வேலைக்கே திரும்ப வேண்டியிருந்தது.

1950-இல் அசோசியேட்டட் பிரஸ் நடத்திய வாக்கெடுப்பில், அரை நூற்றாண்டின் தலைசிறந்த விளையாட்டு வீரராக அவரை விளையாட்டு எழுத்தாளர்கள் தேர்ந்தெடுத்தனர். பேஸ்பாலின் பேரரசர் பேப் ரூத் இரண்டாம் இடமே பெற்றார். அடுத்த ஆண்டு உதட்டுப் புற்றுநோய்க்காகத் தோர்ப் மருத்துவமனையில் சேர்ந்தபோது, கட்டணம் செலுத்த இயலாதவராகவே சிகிச்சை பெற்றார். அதே ஆண்டில்தான் அவர் வாழ்க்கை வரலாறு பெரும் நடிகர் பர்ட் லங்காஸ்டர் நடிக்கத் திரைப்படமாக வெளிவந்தது. 1953 மார்ச் 28-இல் கலிபோர்னியாவின் லொமிட்டாவில், நகரும் வீடு ஒன்றில், மாரடைப்பால் இறந்தார்.

இறந்த பின்னும் அவர் பெயருக்கு விலை இருந்தது. ஓக்லஹோமாவில் இனச்சடங்கு நடந்துகொண்டிருக்கையிலேயே மூன்றாம் மனைவி உடலை எடுத்துச் சென்றுவிட்டார். பென்சில்வேனியாவில் நிலக்கரித் தொழில் நலிந்து, வருவாய்க்கு வழி தேடிக்கொண்டிருந்த இரண்டு ஊர்கள், அவர் உடலைப் பெற்று ஒன்றிணைந்து ஜிம் தோர்ப் என்று தமக்குப் பெயரிட்டுக்கொண்டன. தந்தையைப் பிறந்த மண்ணுக்குக் கொண்டுவர மகன்கள் தொடுத்த வழக்கு, 2013-இல் வென்று, 2014-இல் மேல்முறையீட்டில் தோற்று, 2015-இல் உச்ச நீதிமன்றம் ஏற்க மறுத்ததோடு முடிந்தது.

பதக்கங்களின் கதையும் நீண்டது. ஸ்டாக்ஹோமில் தோர்ப்பிடம் தோற்றவர்களுள் ஒருவரான ஏவரி பிரண்டேஜ், 1952 முதல் 1972 வரை சர்வதேச ஒலிம்பிக் குழுவின் தலைவராக இருந்தார். அவர் இருந்தவரை கதவு திறக்கவில்லை. 30 நாள் விதியை ஆய்வாளர்கள் எடுத்துக்காட்டிய பின், 1983 ஜனவரியில் பதக்கங்களின் நகல்கள் பிள்ளைகளிடம் தரப்பட்டன. அப்போதும் அவரை இணை வெற்றியாளர் என்றுதான் குறித்தார்கள். 2022 ஜூலையில்தான், சரியாக 110 ஆண்டுகள் கழித்து, அவர் ஒருவரே வெற்றியாளர் என்று ஏடு திருத்தப்பட்டது. வீஸ்லாண்டர் தம்மை ஒருபோதும் வென்றவராகக் கருதியதில்லை என்று அவர் குடும்பத்தார் கூறியதும் அதற்குத் துணைநின்றது. அதற்கு முப்பது ஆண்டுகளுக்கு முன்பே, 1992 பார்சிலோனா ஒலிம்பிக்கில், பல லட்சம் டாலர் ஊதியம் பெறும் கூடைப்பந்து வீரர்கள் மகிழ்ச்சியோடு வரவேற்கப்பட்டுவிட்டார்கள். அமெரிக்கக் கல்லூரி வீரர்கள் தம் பெயரால் பொருளீட்ட 2021 முதல் தடையில்லை. தோர்ப்பின் குற்றம் இன்று குற்றமே அன்று.

வலிமை தேய்வது இயற்கை. அதற்காக யாரையும் குறைசொல்ல முடியாது. ஆனால் தோர்ப்பின் வலிமை தேய்ந்த ஒவ்வொரு படியிலும் யாரோ ஒருவர் வளர்ந்திருக்கிறார். பள்ளி, பயிற்சியாளர், பேஸ்பால் அணி, கால்பந்துச் சங்கம், நாய் வணிகர், திரைப்பட நிறுவனம், இறுதியில் ஓர் ஊர். விளைச்சல் குறைவாக இருக்கவில்லை; அதில் அவருக்குப் பங்கு எழுதப்படவில்லை. தாமதமாக வந்த நீதி ஏட்டைத் திருத்தும். கூலியைத் திருப்பித் தராது. விதிகளை எழுதுகிறவர்கள், அவை யாருடைய வயிற்றைத் தொடுகின்றன என்று எழுதும்போதே பார்ப்பதுதான் அதற்கு மாற்று.

பென்சில்வேனியாவின் சாலையோரத்தில் இருக்கும் அந்தக் கல்லறையில் ஓக்லஹோமாவிலிருந்து கொண்டுவந்த மண் வைக்கப்பட்டிருக்கிறது. ஒருகாலத்தில் அவர் பெயரில் 160 ஏக்கர் இருந்த நாட்டின் மண் அது.